லாக்கரில் இருக்கும் 12 பவுன்

அன்பு மகளே,

அஸ்ஸலாமு அலைக்கும்.

"என் ஜகாத் மொத்தத்தையும் ஊருக்கே அனுப்பிடட்டுமா உம்மா?" என்று கோலாலம்பூரிலிருந்து கேட்டிருந்தாய். ஜகாத் என்பது சேமிப்பில் வருடத்துக்கு 2.5 சதவீதத்தைத் தேவையுள்ளவருக்குக் கொடுக்கும் கடமை. ஒரு வரிக் கேள்விதான், ஆனால் பணம் எந்த ஊரில் கிடக்கிறது, எவ்வளவு, யாருடையது என்று ஒவ்வொன்றாகப் பார்த்தால்தான் பதில் வரும். ஃபோனில் சொன்னால் எண்கள் மனதில் நிற்காது. அதனால்தான் இந்தக் கடிதம்.

முதலில் ஒரு தேதியைப் பிடித்துக்கொள். உன்னிடம் நிஸாப் அளவு பணம், அதாவது ஜகாத் கடமையாகும் குறைந்தபட்சத் தொகை, முதன்முதலாகச் சேர்ந்த ஹிஜ்ரி (பிறைக் கணக்கு) தேதி தெரிந்தால் அதுதான் உன் தேதி. தெரியாவிட்டால் கூடியவரை கணித்து ஒரு நாளை முடிவு செய், பிறகு மாற்றாதே. ரமலானில் கொடுத்தால் நன்மை அதிகம் என்று பலரும் கணக்கையே ரமலானுக்குத் தள்ளுவார்கள். இரண்டு மாதம் முந்திய ரஜபில் கடமையான பணத்தை ரமலான் வரை நிறுத்தி வைப்பது தாமதம்தான். முன்கூட்டிக் கொடுக்கலாம், பிந்தக் கூடாது.

ஆங்கில வருடக் கணக்கில் ஓட்டாதே. ஹிஜ்ரி ஆண்டுக்கு 354 அல்லது 355 நாள். டிசம்பர் 31ஐ வைத்துக் கணக்கு முடிப்பவர் வருடத்துக்குப் பதினொரு நாள் பின்தங்குகிறார். 33 ஆங்கில வருடத்தில் 34 ஹிஜ்ரி வருடம் ஓடிவிடும், ஒரு முழு வருட ஜகாத் காணாமலே போய்விடும். கம்பெனி கணக்கு போல வேறு வழியில்லாத இடத்தில் 2.5 சதவீதத்துக்குப் பதில் 2.577 சதவீதம் போடுவார்கள்.

அடுத்தது நிஸாப். பழைய எடைக் கணக்கில் 20 மித்கால் தங்கம், 200 திர்ஹம் வெள்ளி. கிராமில் சொன்னால் தங்கம் 85, வெள்ளி 595. நம் நாட்டு உலமாக்கள் (மார்க்க அறிஞர்கள்) பலர் தோலாக் கணக்கில் 87.48 கிராம் தங்கம், 612.36 கிராம் வெள்ளி என்பார்கள். ஊரில் "11 பவுன்" என்று வாய்க்கணக்காகச் சொல்வது இந்த 87.48ஐத்தான். இது சுத்தத் தங்கத்தின் எடை. நம் நகையும் காசும் 916. 85 கிராம் சுத்தத் தங்கம் வேண்டுமென்றால் 916இல் கிட்டத்தட்ட 92.8 கிராம், அதாவது பதினொன்றரைப் பவுனுக்குச் சற்று மேல் இருக்க வேண்டும். ரொக்கத்துக்கு மலேசியாவில் 85 கிராம் தங்கத்தின் விலையைத்தான் அளவாக வைக்கிறார்கள். இந்தியாவில் பலர் வெள்ளியை வைக்கிறார்கள். வெள்ளி மலிவு என்பதால் அந்த அளவில் கொடுப்பவர் எண்ணிக்கை கூடும், ஏழைக்கு அது நல்லது. உன் சேமிப்பு இரண்டையும் தாண்டிவிட்டதால் இந்தச் சர்ச்சை உன்னைத் தொடாது.

ஒரு தாளில் மூன்று பத்தி போடு: கோலாலம்பூரில் உள்ளது, இங்கே உள்ளது, பிறரிடம் உள்ளது. அங்கே வங்கியில் 38,000 ரிங்கிட், தோழிக்குக் கைமாற்றாகக் கொடுத்தது 4,000 என்று வைத்துக்கொள். தோழி கேட்டால் தருபவள் என்றால் அதுவும் உன் பணம்தான், சேர். வருமா வராதா என்று தெரியாத கடனை வந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம். மொத்தம் 42,000. அதில் 2.5 சதவீதம் 1,050 ரிங்கிட்.

இப்போது உன் கிரெடிட் கார்டு பாக்கி 1,500ஐக் கழிக்கலாமா? ஹனஃபி, ஷாஃபி என்று மார்க்கச் சட்ட வழிகள் (மத்ஹப்) பல. ஹனஃபி மத்ஹபில் கழிக்கலாம், அப்போது 1,012.50 வரும். இமாம் ஷாஃபியின் பிந்தைய கருத்துப்படி கடன் ஜகாத்தைத் தடுக்காது. இதற்கு நல்ல வழி மூன்றாம் கலீஃபா உஸ்மான் (ரலி) சொன்னதுதான். "இது உங்கள் ஜகாத் மாதம், கடன் உள்ளவர் அதைக் கொடுத்துவிட்டு மீதிக்கு ஜகாத் கொடுங்கள்" என்று மக்களிடம் அறிவித்தார். உன் தேதிக்கு முதல் நாளே கார்டு பாக்கியைக் கட்டிவிடு, அப்போது எந்த மத்ஹபிலும் 1,012.50தான். 37.50 ரிங்கிட்டுக்காக மத்ஹப் தாவாதே. வீட்டுக்கடன் வாங்கினால் இது பெரிய எண்ணாகும். முப்பது வருடத் தவணை முழுவதையும் இன்றே கழித்துவிட்டு "எனக்கு ஜகாத் கடமையில்லை" என்று சொல்லும் பணக்காரர்கள் உண்டு. கழிக்கலாம் என்பவர்களிலும் பலர் இப்போது கட்ட வேண்டிய தவணையை மட்டும்தான் அனுமதிக்கிறார்கள்.

சீட்டு கட்டுகிறாய் அல்லவா? எடுக்காத சீட்டில் இதுவரை கட்டிய தொகை உனக்கு வர வேண்டிய கடன், சேர்த்துக்கொள். எடுத்துவிட்ட சீட்டின் மீதித் தவணை நீ தர வேண்டிய கடன். பங்குகளை விற்று லாபம் பார்க்க வாங்கியிருந்தால் அன்றைய சந்தை விலை முழுவதற்கும் ஜகாத். நீண்ட நாள் வைத்திருக்க என்றால் கம்பெனியின் ரொக்கம், சரக்கு, வரவேண்டிய பாக்கி இவற்றில் உன் பங்குக்கு மட்டும். குடியிருக்கும் வீடு, கார், லேப்டாப், சமையலறைச் சாமான் எதுவும் கணக்கில் இல்லை.

இங்கே உன் பெயரில் இருக்கும் ஆறு லட்சம் டெபாசிட்டுக்கு 15,000 ரூபாய். அதில் ஏறிய வட்டிக்கு ஜகாத் இல்லை, ஏனென்றால் அது உன் பணமே இல்லை. வட்டி முழுவதையும் நன்மையை எதிர்பார்க்காமல் தேவையுள்ளவருக்குக் கொடுத்து ஒழிக்க வேண்டும். அதையே ஜகாத்தாகக் கழித்துக்கொள்ளும் தந்திரம் செல்லாது.

நகைக்கு வருவோம், இதில்தான் வீட்டுக்கு வீடு சண்டை. ஹனஃபியில் அணியும் நகைக்கும் ஜகாத் உண்டு. ஷாஃபியில் பெண் அணிவதற்கு வைத்திருக்கும் நகைக்கு, வழக்கத்தை மீறிய ஆடம்பரம் இல்லாதவரை, இல்லை. மலேசியாவும் ஷாஃபிதான். வழக்கமான அளவு எவ்வளவு என்று மாநிலத்துக்கு மாநிலம் ஒரு கிராம் கணக்கு வைத்திருக்கிறார்கள், அதை அங்கேயே கேட்டுக்கொள். ஆனால் உன் லாக்கரில் இருக்கும் 12 பவுன் காசு நகை இல்லை. அதைக் கழுத்தில் போடவும் இல்லை, போடப் போவதும் இல்லை. சேமிப்புத் தங்கத்துக்கு எந்த மத்ஹபிலும் விலக்கு கிடையாது. 96 கிராம் 916 தங்கத்தில் 88 கிராம் சுத்தத் தங்கம். எந்தக் கணக்கில் பார்த்தாலும் நிஸாபைத் தாண்டிவிட்டது. 2.2 கிராம் சுத்தத் தங்கத்தின் அன்றைய விலையைக் கொடு. வாங்கிய விலையைப் பார்க்காதே. செய்கூலி, சேதாரம், கல்லின் எடை எதுவும் இதில் வராது.

உன் மஹரும் (மாப்பிள்ளை தந்த மணக்கொடை) நகையும் உனக்கு மட்டுமே சொந்தம், மாப்பிள்ளைக்கு அதில் பங்கில்லை. ஆகவே அதன் ஜகாத்தும் உன் தலையில்தான். மாப்பிள்ளை கட்ட விரும்பினால் உன் சம்மதம் பெற்று உனக்காகக் கட்டலாம். அவர் கட்டியிருப்பார் என்று நீயும், நீ கட்டியிருப்பாய் என்று அவரும் இருந்துவிடுவதுதான் வழக்கமாக நடக்கும் பிழை.

சரி, எங்கே கொடுப்பது? தம் தோழர் முஆத் (ரலி) அவர்களை யமனுக்கு அனுப்பும்போது நபி (ஸல்) சொன்னது: அவர்களின் செல்வந்தரிடம் எடுத்து அவர்களின் ஏழைகளுக்கே கொடுக்கப்படும். இதை வைத்துத்தான் ஷாஃபி மத்ஹப், பணம் இருக்கும் ஊரின் ஏழைகளுக்கே அந்த ஜகாத் என்கிறது. ஹனஃபியில் ஏழை உறவினருக்காகவோ கூடுதல் தேவைக்காகவோ வேறு ஊருக்கு அனுப்பலாம். எனவே உன் கேள்விக்கு என் பதில்: ரிங்கிட்டுக்கான 1,012.50 அங்கே, டெபாசிட்டுக்கும் 12 பவுனுக்கும் உரியது இங்கே. ஊர் மேல் பாசம் அதிகமென்றால் அதற்கு மேல் ஸதகா (விருப்பத் தர்மம்) அனுப்பு, யாரும் தடுக்க மாட்டார்கள்.

அங்கே கொடுப்பதைக் கூட்டரசுப் பிரதேச இஸ்லாமிய மத மன்றத்தின் ஜகாத் வசூல் மையத்தில் கட்டி ரசீது வாங்கு. மலேசிய அரசியல் சாசனத்தில் ஜகாத் மாநிலங்களின் கையில் இருக்கிறது, கோலாலம்பூர் போன்ற கூட்டரசுப் பிரதேசத்தில் மட்டும் மத்திய அரசின் கையில். வருடத்தில் 182 நாளாவது தங்கி வரி வசிப்பாளராக இருந்தால், அந்த ரசீதுத் தொகை உன் வருமான வரியிலேயே ரிங்கிட்டுக்கு ரிங்கிட் கழியும். வருமானத்தில் கழிப்பது வேறு, வரியில் கழிப்பது வேறு. வரி 1,800 வந்தால் 1,012.50 போக 787.50 கட்டினால் போதும். நீயே கையால் கொடுத்ததற்கு இந்தச் சலுகை கிடையாது. சம்பளத்தில் மாதாமாதம் பிடிக்கச் சொல்லி எழுதிக் கொடுக்கவும் வழி உண்டு. அப்படிச் செய்தால் வருடக் கடைசியில் பிடித்த தொகையைக் கழித்துவிட்டு மீதியை மட்டும் கட்டு, இல்லையென்றால் ஒரே பணத்துக்கு இரண்டு முறை கொடுப்பாய்.

அரசாங்கத்திடம் ஏன் கொடுக்க வேண்டும் என்று நீ முகம் சுளிப்பாய் என்று தெரியும். இது பழைய வழக்கு. நபி (ஸல்) மறைந்ததும் சில கோத்திரங்கள் "தொழுவோம், ஜகாத் தர மாட்டோம்" என்றன. முதலில் உமர் (ரலி) தயங்கினார்கள். முதல் கலீஃபா அபூபக்கர் (ரலி), ஒட்டகம் கட்டும் கயிற்றை மறுத்தாலும் போரிடுவேன் என்றார்கள். ஏழையின் பங்கு செல்வந்தரின் தயவு அல்ல, வசூலிக்கப்பட வேண்டிய உரிமை என்பது அன்றே முடிவானது. பிறகு உஸ்மான் (ரலி) காலத்தில் ஒரு பிரிவினை வந்தது: ஆடு மாடு, விளைச்சல் போல் கண்ணுக்குத் தெரியும் சொத்தை அரசு எடுக்கும், தங்கம், வெள்ளி போல் மறைந்திருப்பதை உரியவரே கணக்கிட்டுக் கொடுக்கட்டும். வீடு புகுந்து பெட்டியைத் திறக்க வேண்டாம் என்ற நிதானம் அது.

வங்கிக் கணக்கு எந்த வகை? பாகிஸ்தானில் 1980 ஜூனில் ஜியாவுல் ஹக்கின் ராணுவ அரசு அதைத் தெரியும் சொத்தாக ஆக்கியது. பிறகு ஆண்டுதோறும் ரமலான் முதல் நாள் சேமிப்புக் கணக்குகளிலிருந்து 2.5 சதவீதம் தானாகப் பிடிக்கப்பட்டது. ஷியாக்கள் தங்கள் ஃபிக்ஹில் (மார்க்கச் சட்டத்தில்) இதற்கு இடமில்லை என்று 1980 ஜூலையிலேயே இஸ்லாமாபாத்தில் திரண்டார்கள், விலக்கும் பெற்றார்கள். ஸுன்னிகள் பலர் ரமலானுக்கு முன் பணத்தை எடுத்துவிட்டுப் பிறகு திரும்பப் போட்டார்கள். 1999இல் உச்ச நீதிமன்றம் எந்தப் பிரிவினரும் விலக்குக் கேட்கலாம் என்றது. பணத்தை எடுத்தவர்கள் அதே ரமலானில் தெரிந்த ஏழைக்குத் தாங்களே ஜகாத் கொடுத்தவர்களாகவும் இருக்கலாம் என்பதை மறந்துவிடாதே.

நீ இருக்கும் நாட்டிலேயே கெடா மாநிலத்தில் இதுதான் நடந்தது. 1950களில் மாநிலமே நெல் ஜகாத்தை எடுத்துக்கொண்டதும், விவசாயிகள் வயல் அளவைக் குறைத்துச் சொன்னார்கள், ஈர நெல்லையும் வைக்கோல் கலந்த நெல்லையும் அளந்தார்கள். அதே ஆட்கள் தங்கள் அறுவடைக் கூலியாட்களுக்கும் ஏழை உறவுகளுக்கும் தனியாக ஜகாத் அளந்தார்கள். ஊர் நெல் மாநிலத் தலைநகர் அலோர் ஸ்டாருக்குப் போய் ஊர் ஏழைக்குத் திரும்பவில்லை என்பதே அவர்கள் மனக்குறை. வசூல் கறாராக இருந்து விநியோகம் கண்ணில் படாவிட்டால் எந்த அரசும் இங்கேதான் வந்து நிற்கும்.

வசூலிப்பவர் எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு ஹதீஸே உண்டு. இப்னுல் லுத்பிய்யா என்பவர் வசூல் முடிந்து வந்து "இது உங்களுக்கு, இது எனக்கு அன்பளிப்பாக வந்தது" என்றார். அவர் தம் தாய் தந்தை வீட்டில் உட்கார்ந்திருந்தால் அந்த அன்பளிப்பு வந்திருக்குமா என்று நபி (ஸல்) மிம்பரில் (உரைமேடையில்) ஏறிக் கேட்டார்கள். ரசீதுப் புத்தகத்தோடு வந்து வசூலில் இத்தனை சதவீதம் என்று பேசிக்கொண்டு வேலை செய்பவர்களைப் பார்க்கும்போது இந்தக் கேள்விதான் ஞாபகம் வருகிறது. வசூலிப்பவருக்குப் பங்கு உண்டு, ஷாஃபியில் அதற்கு எட்டில் ஒன்று என்ற எல்லையும் உண்டு. அங்கே மன்றத்தின் ஆண்டறிக்கையை எடுத்து ஜகாத் பெறத் தகுந்த எட்டுப் பிரிவுக்கும் எவ்வளவு போயிருக்கிறது என்று பார், அதைப் பார்ப்பது உன் உரிமை.

இங்கே கொடுப்பதை எனக்கு அனுப்பி வை, ஆனால் யாருக்கு என்று நீ எழுதித் தர வேண்டும். உம்மா வாப்பாவுக்கும் பிள்ளைகளுக்கும் ஜகாத் செல்லாது. கஷ்டப்படும் உடன்பிறந்தவர், மாமி, சாச்சிக்குச் செல்லும், நன்மையும் இரட்டிப்பு. பள்ளிவாசல் கட்ட, மதரஸாவுக்குச் சுவர் எழுப்ப என்று கேட்டால் ஸதகாவிலிருந்து கொடு. ஜகாத்தை ஒரு மனிதரின் கையில் உரிமையாக்க வேண்டும். வேலைக்கு வரும் அக்காவுக்குக் கொடுக்கலாம், பெருநாள் போனஸுக்குப் பதிலாகக் கொடுக்காதே. உனக்குத் தர வேண்டிய கடனை "ஜகாத்தாகக் கழித்துக்கொள்" என்று விட்டுவிடுவது பெரும்பாலான அறிஞர்களிடம் செல்லாது.

பிரித்துப் பிரித்துச் சில்லறையாக்காதே. ரமலான் இருபத்தேழாம் நாள் வாசலில் வரிசை நிற்க வைத்து நூறு நூறாகக் கொடுப்பது எனக்குப் பிடிப்பதில்லை. வாங்குபவர் அடுத்த வருடமும் அதே வரிசையில்தான் நிற்பார். தொழில் தெரிந்த ஏழைக்கு அவர் தொழிலுக்கான கருவியை வாங்கும் அளவு கொடுக்கலாம் என்று ஷாஃபி அறிஞர் இமாம் நவவி எழுதியிருக்கிறார்கள். தைக்கத் தெரிந்தவருக்கு மெஷின், அதுவும் அவர் பெயரில், திருப்பிக் கேட்காமல். திருப்பித் தரச் சொன்னால் அது கடன், ஜகாத் ஆகாது. டெபாசிட்டின் 15,000 அதற்குப் போதும் என்று நினைக்கிறேன். தங்கத்தின் தொகையை மருந்துக் கடையில் கடன் ஏறிப்போன ஒருவருக்குத் தரலாம். எட்டுப் பிரிவில் கடன்பட்டோரும் உண்டு. பெயரை இதில் எழுதவில்லை, பேசும்போது சொல்கிறேன்.

ஃபித்ரா, அதாவது நோன்புப் பெருநாள் தர்மம், தனி. நீ பெருநாள் கொண்டாடும் ஊரிலேயே கொடு. அங்கே ஆளுக்கு ஏறத்தாழ 2.7 கிலோ அரிசி என்று கணக்கு, பெருநாள் தொழுகைக்கு முன்.

லாக்கர் சாவியை யாரிடம் வாங்க வேண்டும் என்று சொல். எடை பார்த்துவிட்டுத் தாளில் எழுதிப் படம் எடுத்து அனுப்புகிறேன். போன இரண்டு வருடமும் அந்தக் காசு அங்கேயே இருந்திருந்தால் அதற்கும் பாக்கி உண்டு, கணக்குப் பார்த்து வை.

வஸ்ஸலாம்,
உம்மா