பாதையின் காலம் 2009இல் முடியவில்லை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு இதழில் வெளியான கிழக்கின் பாலங்கள் பற்றிய கட்டுரையில், கிண்ணியாப் பாலம் திறக்கப்பட்டதோடு திருகோணமலை மக்கள் பாதையில், அதாவது ஆளையும் வாகனத்தையும் ஏற்றிச்செல்லும் மிதவையில், ஏறி நீரைக் கடக்கும் காலம் முடிந்துவிட்டதாக எழுதியிருந்தீர்கள். அந்த வரியை வாசித்து மனம் நொந்தேன்.

சவூதி அரேபியாவின் உதவியுடன் கட்டப்பட்ட 396 மீற்றர் நீளமான அந்தப் பாலம் 2009 ஒக்டோபர் 20ஆம் திகதி திறக்கப்பட்டது. அதன் அருமையை எனக்கு எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன், நெஞ்சுவலியால் துடித்த என் வாப்பாவைத் திருகோணமலை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுசெல்லப் புறப்பட்ட வான், பாதை அக்கரையில் கட்டிக் கிடந்ததால் துறையடியிலேயே நின்றது. விடியுமுன் அவர் அங்கேயே மௌத்தானார்.

பிரித்தானியர் தம் கடற்படைக்காகத் திருகோணமலையின் சீனக்குடாவில் கட்டிய எண்ணெய்த் தாங்கிகளில் 99 இன்றும் நிற்கின்றன. திருகோணமலைக்கு ரயில் 1927இலேயே வந்துவிட்டது. அப்படிப்பட்ட மாவட்டத்தில், துறைமுகத்துக்கு இக்கரையில் இருந்த எங்களுக்கு ஒரு பாலம் கிடைக்க 2009 வரை ஆனது ஏன் என்று கட்டுரையாளர் ஒரு வரியாவது கேட்டிருக்கலாம்.

அதன் பிறகும் பாதை எங்களை விட்டுப் போகவில்லை. 2021 நவம்பர் 23ஆம் திகதி காலை, புதிய பாலத்தின் வேலை நடந்துகொண்டிருந்த கிண்ணியாவின் குறிஞ்சாக்கேணியில், பாடசாலைக்குப் புறப்பட்ட பிள்ளைகளை ஏற்றிச்சென்ற பாதை கவிழ்ந்து, அன்றே ஆறு உயிர்கள் போயின. இது தாங்கள் அறியாததல்ல. அந்தச் செய்தியைத் தங்கள் பத்திரிகையில்தான் அழுதுகொண்டு வாசித்தேன். பாலம் கட்டுவதென்றால் தூண் நடுமுன் மக்கள் கடக்கப் பத்திரமான மாற்றுவழி அமைக்க வேண்டும் என்பது கொந்தராத்துக்காரருக்கும் அவரை மேற்பார்வை செய்வோருக்கும் தெரியாத விடயமா? எங்கள் ஒழுங்கையில் மதகு போடத் தோண்டிய கிடங்கை இரண்டு மாரி வரை அப்படியே விட்டார்கள். நாங்களே தென்னங்குற்றி போட்டுப் பிள்ளைகளைக் கைபிடித்துக் கடத்தினோம். வேலை பெரிதானாலும் சிறிதானாலும், அது முடியும்வரை அவ்வழியே நடப்பவனைப் பற்றிய நினைப்பே இவர்களுக்கு வருவதில்லை.

குறிஞ்சாக்கேணியின் பெயரைச் சேர்த்து அந்த வரிக்கு ஒரு திருத்தத்தை அடுத்த இதழில் வெளியிடுமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்,
கிண்ணியா.