நாய் நகவெட்டி பற்றிய முறைப்பாடும் பணத்தைத் திருப்பித் தரக் கோரலும்

முகாமையாளர்,
பாவனையாளர் சேவைப் பிரிவு.

ஐயா / அம்மணி,

உங்கள் மட்டக்களப்புக் கிளையில் 3,800 ரூபாய்க்கு வாங்கிய நகவெட்டி பற்றி எழுதுகிறேன். பச்சைக் கைப்பிடி, ஆழமாக வெட்டாமல் தடுக்கும் தகடு வைத்தது. மிச்சம் உங்களுக்கே தெரியும். பெட்டியில் "சதையில் படாது" என்று அச்சிட்டவர்கள் நீங்கள்தானே. பட்டது.

எங்கள் நாய் கறுப்பிக்கு நகமெல்லாம் கறுப்பு. வெள்ளை நகமென்றால் உள்ளே ஓடும் இரத்தச் சதை இளஞ்சிவப்பாகத் தெரியும், கறுப்பில் தெரியாது. நுனியைக் கொஞ்சம் கொஞ்சமாக நறுக்கி, வெட்டிய இடத்தின் நடுவில் கரும்புள்ளி தெரிந்ததும் நிறுத்த வேண்டும். மிருக வைத்தியர் காட்டித் தந்தபடி பல வருடமாக அப்படித்தான் செய்கிறேன். உங்கள் வெட்டி புதிதிலேயே மொட்டை. நகத்தை வெட்டாமல் நசித்துப் பிளந்தது. அடுத்த நகத்தில் தடுப்புத் தகட்டின் ஆணி கழன்று தகடு விலக, வெட்டு சதைக்குள் போய்விட்டது. சோளமாவை அப்பி அழுத்திப் பிடித்த பிறகுதான் இரத்தம் நின்றது.

இதைச் சொல்ல உங்கள் ஹாட்லைனுக்கு எடுத்தால், தமிழுக்கு என்ற இலக்கத்தை அழுத்தியும் சிங்களத்தில்தான் பேசினார்கள். கடைசியில் தமிழ் தெரிந்த ஒருவர் வந்தார். அவர் கேட்டது: "நாய்க்கு நகம் வெட்ட இவ்வளவு கதையா அம்மா? கடற்கரையில ஓட விடுங்க, தானாத் தேயும்." தம்பி, மணலில் நகம் தேயாது. தார் ரோட்டிலும் சீமெந்திலும்தான் கொஞ்சம் தேயும். முன்காலின் உள்பக்கத்தில் நிலத்தில் படாத நகம் ஒன்று இருக்கிறதே, அது எங்கே ஓடினாலும் தேயாது. விட்டால் வளைந்து சதைக்குள் குத்தும். நாய்ச் சாமான் விற்கும் கம்பனியில் இருப்பவருக்கு இது தெரியாதா? சிரித்துக்கொண்டே போனை வைத்தார். அந்தச் சிரிப்பை நான் மறக்க மாட்டேன்.

களுவாஞ்சிகுடியில் இருந்து பஸ் ஏறி கிளைக்கு வந்தால் பெட்டி எங்கே என்றார்கள். பெட்டியோடு வந்தால் பொறுப்பானவர் இல்லை என்றார்கள். அன்று முழு நாளும் மினக்கெட்டு, வெயிலில் நின்று, வெறுங்கையோடு திரும்பினேன். பிறகு, கொழும்புக்கு அனுப்ப வேண்டும், கூரியர் காசு நான் கட்ட வேண்டுமாம்! ஏன் கட்ட வேண்டும்?

உங்கள் ஊழியர்களுக்கும் வேலை அதிகம் என்பது விளங்குகிறது. யாருடைய வேலையையும் பறிக்கச் சொல்லவில்லை. ஆனால் இப்போது காலைத் தொட்டாலே கறுப்பி கட்டிலுக்குக் கீழே ஓடுகிறாள். பிள்ளைபோல வளர்த்த நாய் என்னையே நம்பாமல் போனதற்கு நீங்கள் எத்தனை இலட்சம் தந்தாலும் ஈடாகாது. வீட்டு நிம்மதியே போய்விட்டது.

நான் கேட்பது முழுப் பணமும், மிருக வைத்தியரிடம் காட்டிய செலவும். அந்த வெட்டியை விற்பனையில் இருந்தும் எடுங்கள், தடுப்பை நம்பி ஒருவர் ஆழமாக வெட்டினால் என்ன ஆகும்? 14 நாட்களுக்குள் எழுத்தில் பதில் வராவிட்டால் பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபையில் முறைப்பாடு கொடுப்பேன். அவர்களின் 1977 என்ற தொலைபேசி இலக்கத்துக்கு அழைக்கவும் தெரியும், கச்சேரிக்கு (மாவட்டச் செயலகத்துக்கு) போகவும் தெரியும். 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கப் பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபைச் சட்டம் உங்களுக்கும்தான். தயவுசெய்து அந்த அளவுக்குக் கொண்டுபோக வேண்டாம்.

இங்ஙனம்,
உங்கள் பாவனையாளர்,
களுவாஞ்சிகுடி.

பி.கு.: பற்றுச்சீட்டின் பிரதியும் படங்களும் இணைத்துள்ளேன். கழன்ற ஆணியும் வெட்டியும் என்னிடமே இருக்கும். பணம் கைக்கு வந்த பிறகு, உங்கள் செலவில் ஆள் அனுப்பி எடுத்துக்கொள்ளலாம்.