அம்மா அன்று தூங்கவில்லை, அண்ணா

அண்ணா,

புதன்கிழமை அம்மாவுக்கு வருடத் திதி. பவானிக்கு நீங்கள் வருகிறீர்கள் என்று சித்தி சொன்னார். நானும் வருகிறேன். போவதா வேண்டாமா என்று பத்து நாட்களாக மனத்துக்குள் அடித்துக்கொண்டு, நேற்று இரவுதான் முடிவு செய்தேன். அதற்கு முன்னால் உங்களிடம் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். கூடுதுறைப் படியில் எள்ளும் தண்ணீரும் விடும் நேரத்தில் அது என் தொண்டையில் சிக்கிக்கொண்டு நிற்கக் கூடாது.

போனில் சொல்லலாம் என்றால் நீங்கள் எடுப்பதில்லை. அம்மாவை நான் கூட்டிப் போன அந்த ஒருநாள் சுற்றுலாவைப் பற்றிக் குடும்பக் குழுவில் அத்தனை பேர் முன்னிலையில் எழுதினீர்கள். அதனால் நானும் எல்லோர் கண்ணிலும் படும்படியே எழுதுகிறேன். கருமாதி அன்று வாசலில் நின்று சொன்னீர்களே, அதை மட்டும் இங்கே எழுத மாட்டேன். அண்ணியும் பிள்ளைகளும் படிப்பார்கள். தோட்டத்தைப் பற்றியும் ஒரு சொல் எழுத மாட்டேன். அதற்காகத்தான் இவள் எழுதுகிறாள் என்று நினைக்கிற சொந்தக்காரர்கள் இதற்கு மேல் படிக்க வேண்டியதில்லை.

650 ரூபாய் வேனில் அம்மாவை ஏற்றினேன் என்று எழுதியிருந்தீர்கள். ஏற்றினேன். இரண்டு பேருக்கு 1,300 ரூபாய். காலையில் இட்லிப் பொட்டலம், மதியம் அரிசி பருப்புச் சாதம், கூடவே ஊர் ஊராக விளக்கிச் சொல்ல ஓய்வுபெற்ற ஒரு தமிழாசிரியர். மஞ்சள் மண்டியில் கணக்கு எழுதுகிறவளுக்கு அவ்வளவுதான் கட்டுப்படி ஆகும். குளிர்சாதனம் வேலை செய்யவில்லை, உண்மை. தை மாதம், ஜன்னலைத் திறந்து வைத்தோம். ஆசிரியர் தன் முன் இருக்கையை அம்மாவுக்குக் கொடுத்துவிட்டு நாள் முழுவதும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். யாரென்றே தெரியாத மனிதர்.

அம்மா எட்டு வருடங்களாகக் கேட்டுக்கொண்டிருந்தார். "காரில் கூட்டிக்கொண்டு போகிறேன், பொறுங்கள்" என்று நீங்களும் எட்டு வருடங்களாகச் சொன்னீர்கள். நீங்கள் சும்மா சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். உங்கள் தொழில் அலைச்சலும் தெரியும். ஆனால் ஒவ்வொரு பொங்கலுக்கும் அம்மா அந்த அரக்குப் புடவையை எடுத்து வெயிலில் போட்டுவிட்டுத் திரும்ப மடித்து வைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தவள் நான்.

அன்று அந்தப் புடவையைத்தான் கட்டியிருந்தார். முதலில் பவானி. வேதநாயகி சந்நிதியில் கலெக்டர் கதையை ஆசிரியர் தொடங்குவதற்கு முன்பே அம்மா தொடங்கிவிட்டார். கோவைக் கலெக்டராக இருந்த வில்லியம் கேரோ 1804-இல் கோயிலுக்குக் கொடுத்த தந்தக் கட்டில். தூங்கிக்கொண்டிருந்த துரையை அம்மன் ஒரு சின்னப் பெண்ணாக வந்து எழுப்பி வெளியே கூட்டிப் போக, பின்னாலேயே பங்களாக் கூரை இடிந்து விழுந்த கதை. நமக்கு எத்தனை முறை சொல்லியிருப்பார்! வேனில் இருந்த இருபது பேரும் அம்மாவைச் சுற்றி நின்று கேட்டார்கள். ஆசிரியரும் ஒதுங்கி நின்று கேட்டார். அம்மாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

அடுத்து விஜயமங்கலம். நான் சொல்ல வந்தது இங்கேதான் இருக்கிறது.

மேட்டுப்புதூரில் ஒரு பழைய சமணக் கோயில், சந்திரப்பிரபர் என்ற தீர்த்தங்கரருக்கு. நெட்டைக் கோபுரக் கோயில் என்று ஊரில் சொல்கிறார்கள். பெருங்கதை என்ற பழைய காப்பியத்தை எழுதிய கொங்குவேளிரின் ஊர் இதுதான் என்று ஆசிரியர் சொன்னபோது அவர் குரலே மாறிவிட்டது. நாங்கள் போனபோது பூட்டியிருந்தது. பக்கத்து வீட்டில் சொல்லித் திறக்கச் செய்தார்கள். உள்ளே வௌவால் வாசமும் கல்லின் குளிர்ச்சியும். அம்மா என் தோளைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு தூணாகத் தொட்டுப் பார்த்துக்கொண்டு வந்தார். ஓரிடத்தில் ஆசிரியர் நின்றார். கல்லில் ஒரு பெண்ணின் உருவம், கூடவே எழுத்து. சாமுண்டராயரின் தங்கை புல்லப்பையின் நிசீதிகை.

சாமுண்டராயர் யார் என்று அவர் சொன்னார். கங்க மன்னர்களின் அமைச்சர், படைத்தலைவர். 981 வாக்கில் சிரவணபெளகுளாவில் 57 அடி உயரத்துக்கு ஒரே பாறையில் கோமதேசுவரரை நிறுத்தியவர். நீங்கள் கூட நண்பர்களோடு போய் அந்தக் காலடியில் நின்று எடுத்த படத்தை அனுப்பியிருந்தீர்கள். அந்த அண்ணனின் தங்கை இங்கே, நம் ஊர்ப்பக்கத்தில், சோறு தண்ணீர் விட்டு நோன்பிருந்து உயிரை விட்டிருக்கிறாள். அப்படி உயிர் விட்டவர்களின் நினைவாக வைக்கும் கல்லுக்குத்தான் நிசீதிகை என்று பெயர். அவளுடைய கல் என் இடுப்பு உயரம்கூட இருந்ததாக நினைவில்லை.

அம்மா ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்: "அண்ணன் வந்து பார்த்தானா?"

ஆசிரியருக்கு முதலில் புரியவில்லை. அம்மா திரும்பக் கேட்டார். "இவள் சாப்பிடாமல் கிடந்தாளே, அண்ணன் வந்து பார்த்தானா என்று கேட்டேன்."

"கல்லில் அதைப் பற்றி எழுத்து எதுவும் இல்லை, அம்மா" என்றார் அவர்.

நம் மாமாவை நினைத்துக் கேட்டாரா, உங்களையும் என்னையும் நினைத்துக் கேட்டாரா, எனக்குத் தெரியாது. மாமாவின் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். மற்றவர்கள் நகர்ந்துவிட்டார்கள். அம்மா அந்தப் பெண்ணின் முகத்தைப் புடவைத் தலைப்பால் ஒருமுறை துடைத்துவிட்டு என்னிடம் சொன்னார்: "வந்திருப்பான் கண்ணு. வழி தூரம் இல்லையா, கொஞ்சம் தாமதமாக வந்திருப்பான்."

அண்ணா, அந்த நிமிடம் எனக்கு வந்த கோபம் இருக்கிறதே! ஆயிரம் வருடத்துக்கு முன்னால் யாரோ ஒரு அண்ணன் வராமல் போனதற்கும் அம்மா சமாதானம் தேடிக் கொடுக்கிறார். எந்த அண்ணனாக இருந்தாலும் அவருக்குக் காரணம் இருக்கும், வேலை இருக்கும், தூரம் இருக்கும். தினமும் குளிப்பாட்டி, மாத்திரை எடுத்துக் கொடுத்து, இரவில் கூப்பிட்ட குரலுக்கு எழுந்திருக்கிறவளுக்கு ஒரு காரணமும் வேண்டியதில்லை. அவள் பக்கத்திலேயே நிற்கிறாள்.

சரியாக அப்போது என் கைப்பையில் போன் அடித்தது. ஞாயிற்றுக்கிழமை, பதினொரு மணி. நீங்கள்தான்.

நான் தூணுக்குப் பின்னால் போய் எடுத்தேன். "அம்மா எங்கே, கொடு" என்றீர்கள். அம்மா ஆறடி தள்ளி நின்றிருந்தார். "தூங்குகிறார், அண்ணா" என்றேன்.

"இந்த நேரத்திலா?" என்று கேட்டீர்கள். நினைவிருக்கிறதா? "இரவெல்லாம் தூக்கம் இல்லை, எழுப்ப வேண்டாம்" என்று அதற்கும் ஒரு பொய் சொன்னேன். சுற்றுலாவுக்கு வந்திருப்பது தெரிந்தால் திட்டுவீர்கள் என்று பயந்துதான் சொன்னேன் என இத்தனை நாள் எனக்கு நானே சொல்லி வந்தேன். அது பாதிதான் உண்மை. அந்த ஒரு நாளாவது அம்மா எனக்கு மட்டும் இருக்கட்டும் என்று நினைத்தேன். உங்கள் குரலைக் கேட்டதும் அம்மாவின் முகம் மலரும். அந்த மலர்ச்சியை அன்று என்னால் பார்க்க முடியாது என்று தோன்றியது.

அதற்கு அடுத்து நடந்ததைச் சொல்வதுதான் இதைவிடக் கடினம்.

அங்கிருந்து கொடுமணல் போனோம். சங்க நூலான பதிற்றுப்பத்தில் கொடுமணம் என்று வருகிற ஊர். 1985 முதல் பலமுறை அகழாய்வு நடந்த இடம், ஆனால் இன்றைக்குப் பார்க்க வெறும் காடுதான். செம்மண், முள், அங்கங்கே இறந்தவர்களைச் சுற்றி வைத்த கல்வட்டங்கள். இரண்டாயிரம் வருடங்களுக்கு முன்னால் இங்கே இரும்பை உருக்கியிருக்கிறார்கள், பளிங்கிலும் சூதுபவளத்திலும் மணி கோத்திருக்கிறார்கள், பானை ஓட்டில் தங்கள் பெயரைக் கீறி வைத்திருக்கிறார்கள். அம்மா குனிந்து ஒரு சின்ன ஓட்டை எடுத்தார். எடுக்கக் கூடாது என்று ஆசிரியர் சொன்னதும், எடுத்த இடத்திலேயே, எடுத்த வாக்கிலேயே திரும்ப வைத்தார். நொய்யல் கரையில் நின்றபோது ஒரத்துப்பாளையம் அணையைப் பற்றியும் அதில் தேங்கிய திருப்பூர்ச் சாயப்பட்டறைத் தண்ணீரைப் பற்றியும் கூட வந்தவர்கள் காட்டமாகப் பேசினார்கள். அம்மாவும் நானும் வாயைத் திறக்கவில்லை. நம் வீட்டுச் சோறு ஒரு காலத்தில் எங்கிருந்து வந்தது என்பது நமக்குத் தெரியும். அதற்கு மேல் இங்கே வேண்டாம்.

ஒரு கல்வட்டத்தின் ஓரத்தில் வேப்ப நிழலில் உட்கார்ந்துகொண்டு அம்மா கேட்டார்: "இன்று ஞாயிற்றுக்கிழமை ஆயிற்றே, அண்ணன் கூப்பிடவில்லையா?"

"இல்லை அம்மா" என்றேன்.

"வேலையாக இருப்பான்" என்றார்.

அவ்வளவுதான். அடுத்த ஞாயிறு நீங்கள் கூப்பிட்ட நேரத்தில் அம்மாவின் வாயில் குழாய் இருந்தது. ஓடி வந்து நீங்கள் பேசினீர்கள், அம்மா பேசவில்லை. அந்த ஐந்து நிமிடப் பேச்சை உங்களிடமிருந்தும் அம்மாவிடமிருந்தும் பறித்தவள் நான். என்னை மன்னித்துவிடுங்கள். உங்கள் கல்யாணத்தில், மாப்பிள்ளையோடு தங்கை நிற்கும் இணைச்சீருக்கு உங்களோடு நின்றவள் நான், பதின்மூன்று வயதில், கூறைப் புடவை கனம் தாங்காமல். அன்று என் கையை விடாமல் பிடித்திருந்தீர்கள். அந்த உரிமையில் கேட்கிறேன்.

ஆனால் அன்று மாலை நீங்கள் திரும்பக் கூப்பிட்டிருக்கலாம், அண்ணா. திங்கள், செவ்வாய் கூப்பிட்டிருக்கலாம். இரவெல்லாம் தூங்காத அம்மாவுக்கு என்ன ஆயிற்று என்று கேட்கத் தோன்றவில்லையா? வாரத்தில் ஒரு நாள், ஒரு மணிக்கூறு என்று வைத்திருந்ததால்தானே ஒரு பொய் போதுமானதாக இருந்தது? இதையும் நான் சொல்லத்தான் வேண்டும். மன்னிப்புக் கேட்டுவிட்டதால் இது இல்லாமல் போய்விடாது.

அந்தப் பயணத்தால்தான் அம்மா போனார் என்று மட்டும் இனி சொல்லாதீர்கள். மருத்துவர் என்ன சொன்னார் என்று நீங்களும்தானே கேட்டீர்கள். சென்னிமலை அடிவாரத்தில் அம்மா இரண்டாம் முறை சாதம் வாங்கிச் சாப்பிட்டார். அரச்சலூரில் மலை ஏற முடியாதவர்களோடு கீழே வேனில் இருந்தார். மேலே பாறையில் இருக்கும் இசைக் கல்வெட்டை, ஐந்து வரி, வரிக்கு ஐந்து எழுத்து, எந்தப் பக்கமிருந்து படித்தாலும் ஒன்றே வரும் அந்தத் தாளக்கட்டை, இறங்கி வந்த ஆசிரியர் ஒரு தாளில் எழுதிக் காட்டினார். அம்மா முழங்காலில் தட்டித் தட்டிப் படித்தார். அந்தத் தாள் அவர் சுருக்குப்பையில் இருந்தது. உங்களுக்காக வைத்திருக்கிறேன். கொடுமுடிக்குப் போய்ச் சேர்ந்தபோது இருட்டிவிட்டது. காவிரியில் கால் நனைத்துவிட்டு, வேனில் என் மடியில் தலை வைத்து ஈரோடு வரைக்கும் தூங்கினார். அன்று அம்மா தூங்கியது அப்போதுதான்.

புதன்கிழமை திருப்பூரிலிருந்து பெருமாநல்லூர் வழியாகத்தான் வருவீர்கள். விஜயமங்கலம் சுங்கச்சாவடியில் எப்படியும் வண்டி மெதுவாகும். எத்தனை முறை அந்த வழியாகப் போயிருக்கிறீர்கள்! அங்கிருந்து மேட்டுப்புதூர் பக்கம்தான். நெட்டைக் கோபுரம் என்று யாரைக் கேட்டாலும் காட்டுவார்கள். பூட்டியிருந்தால் பக்கத்து வீட்டில் கேளுங்கள். தூண்களைத் தாண்டி உள்ளே போனால் அந்தக் கல் இருக்கும். ஐந்து நிமிடம் போதும்.

நேரமாகிவிட்டால் பரவாயில்லை. ஐயரிடம் நான் சொல்லி வைக்கிறேன், நீங்கள் வந்த பிறகே தொடங்கச் சொல்லி.

உங்கள்
அம்மிணி