ரிப்பப்ளிக் சதுக்கத்திலிருந்து சித்தப்பாவுக்கு

பாரிஸ்,
ஞாயிறு இரவு

அன்புள்ள சித்தப்பா,

நான் சுகம். வேலையும் அறையும் பழகிவிட்டன. சித்தியின் முழங்கால் வலி எப்படி?

போனமுறை கதைத்தபோது, ரிப்பப்ளிக் பக்கம் போனால் ரோட்டைப் பார்த்துக் கடக்கச் சொன்னீர்கள். நீங்கள் இங்கே இருந்த காலத்து ரிப்பப்ளிக் இப்போது இல்லை. வாகனங்கள் சுற்றிச் சுற்றி ஓடிய அந்த வட்டத்தை 2013இல் இல்லாமலாக்கி, பெரும்பகுதியை நடக்கிற சனத்துக்கே விட்டுவிட்டார்கள். 1883இல் வைத்த மரியான் சிலை, பிரெஞ்சுக் குடியரசின் அடையாளமான அந்தப் பெண் சிலை மட்டும் ஒலிவ் கிளையைத் தூக்கிப் பிடித்தபடி அதே இடத்தில் நிற்கிறது. கீழே இருக்கிற வெண்கலச் சிங்கத்துக்குக் கிட்டப் போய் நின்று பார்த்தேன், அதன் பக்கத்தில் ஒரு வாக்குப்பெட்டி!

எங்கடை தமிழ்க் கடைகள் இருக்கிற லாச்சப்பலில் சாமான் வாங்கிவிட்டு, கார் து நோர் ஸ்டேஷனில் 5ஆம் இலக்க மெத்ரோ ரயில் ஏறினால் மூன்றாவது தரிப்பு ரிப்பப்ளிக். ஞாயிறு பின்னேரங்களில் அங்கேதான் போய் இருப்பேன். ஒரு கோப்பிகூட வாங்காமல் மணிக்கணக்காக இருக்கலாம், எழும்பு என்று யாரும் சொல்வதில்லை. பாஷை தெரியாமல் அறைக்குள்ளேயே கிடந்தவனுக்கு அது எவ்வளவு பெரிய ஆறுதல் என்று உங்களுக்கு விளங்கும்.

இன்றைக்கு ஒரு பெடியன், பத்து வயதிருக்கும், ஸ்கேட் பலகையோடு ஒரே படியிலிருந்து திரும்பத் திரும்பக் குதித்தான். முழங்கை உரஞ்சி இரத்தம் கசிந்தது. துடைத்துவிட்டு மறுபடியும் ஏறினான். ஏழாவதோ எட்டாவதோ தடவை பலகை காலுக்குக் கீழேயே நின்றது. எனக்குப் பக்கத்தில் இருந்த அல்ஜீரியக் கிழவர் கை தட்டினார், நானும் தட்டினேன். அப்புறம் அவரோடு ஒரு மணித்தியாலம் கதை. பாதிதான் விளங்கியது, ஆனால் மனம் நிறைந்துவிட்டது.

ஆர்ப்பாட்டம் என்றாலும் சனம் இங்கேதான் கூடுகிறது. 2015இல் பாரிஸில் பயங்கரவாதிகள் அத்தனை பேரைக் கொன்ற பிறகு சிலையின் அடி முழுக்கப் பூவும் மெழுகுதிரியுமாக இருந்ததாம். கிழவர்தான் காட்டிக் காட்டிச் சொன்னார்.

இருட்டியதும் தொண்டர்கள் சிலர் சூடான சாப்பாடு கொடுத்தார்கள். வரிசையில் எங்கடை முகம் ஒன்றும் நின்றது. போய்க் கதைக்க நினைத்தேன், அதற்குள் அவர் தலையைக் குனிந்துகொண்டார். அடுத்த ஞாயிறு கண்டால் கட்டாயம் கதைப்பேன்.

அந்தச் சிலைக்கு முன்னால், குளிர் ஜாக்கெட்டோடு நீங்கள் எடுத்த படம் அலுமாரியில் இருக்குமே? தங்கச்சியிடம் சொல்லி வாட்ஸ்அப்பில் அனுப்பச் சொல்லுங்கள். நீங்கள் நின்ற இடத்தைத் தேடிப் பிடித்து நானும் ஒரு படம் எடுக்கவேண்டும்.

அன்புடன்,
உங்கள் பெறாமகன்