பனாபாவைக் கடல் கொள்ளவில்லை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் பசிபிக் தீவு நாடுகளைப் பற்றி வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். கடல் மட்டம் ஏறுவதால் அங்குள்ளவர்கள் படும் பாட்டை அக்கறையோடு எழுதியிருந்தார்கள். அதில் எனக்கு மறுப்பு எதுவும் இல்லை. ஆனால் கிரிபாஸ் நாட்டில் எந்த இடமும் கடலுக்கு மேல் மூன்று நான்கு மீட்டரைத் தாண்டாது என்று ஒரு வரி வருகிறது. தாண்டுகிற இடம் ஒன்று உண்டு. அதன் பெயர் பனாபா. அதை விட்டுவிட்டால் அந்த நாட்டின் கதையில் பாதி போய்விடுகிறது என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் பெயரைச் சொல்லிவிடுகிறேன். கட்டுரையில் 'கிரிபட்டி' என்று அச்சாகியிருந்தது. அந்த ஊர்க்காரர்கள் கிரிபாஸ் என்றுதான் சொல்கிறார்கள். அவர்கள் மொழிக்குப் பயன்படுத்தும் ரோமன் எழுத்துகளில் 'எஸ்' கிடையாது. 'டி', 'ஐ' இரண்டும் சேர்ந்து அந்த ஒலியைத் தரும். ஆங்கிலேயர் வைத்த கில்பர்ட்ஸ் என்ற பெயர்தான் அவர்கள் நாவில் கிரிபாஸ் ஆனது.

நான் முப்பது வருடம் உரக்கடை நடத்தியவன். மணிச்சத்துக்கு என்ன போடலாம் என்று கேட்டு வருபவர்களிடம் "அடியுரமா சூப்பர் போடுங்க" என்று ஆயிரம் தடவை சொல்லியிருப்பேன். சூப்பர் பாஸ்பேட் என்ற அந்தச் சாம்பல் நிற உரம் பாஸ்பேட் பாறையைப் பொடித்து, கந்தக அமிலம் சேர்த்துச் செய்வது. நம் நாட்டுக்குப் பாறை ஜோர்டானிலிருந்தும் மொராக்கோவிலிருந்தும் எகிப்திலிருந்தும் வருகிறது, அப்புறம் ராஜஸ்தானிலும் வெட்டுகிறார்கள். வேறு எங்கெல்லாம் இது கிடைத்தது என்று தேடிப் படித்தபோதுதான் பனாபா கண்ணில் பட்டது. அதற்குப் பிறகு மூட்டையைப் பார்க்கும்போதெல்லாம் அந்தத் தீவு நினைவுக்கு வரும்.

பனாபா ஆறு சதுர கிலோமீட்டர்தான். கிரிபாஸின் தலைநகரான தராவாவுக்கு மேற்கே 400 கிலோமீட்டருக்கு மேல் தள்ளி, நிலநடுக்கோட்டை ஒட்டித் தனியாகக் கிடக்கிறது. கிரிபாஸின் 33 தீவுகளில் மற்றவையெல்லாம் கடலோடு கடலாகப் படுத்திருக்கும் பவளத் திட்டுகள். இது மட்டும் நிலத்தடி அசைவால் மேலே தூக்கப்பட்ட பவளப் பாறை. உச்சி 80 மீட்டர் உயரம். கடற்பறவைகளின் எச்சம் காலம் காலமாகப் பாறை இடுக்குகளில் சேர்ந்து இறுகியதில் உண்டானது அங்கிருந்த பாஸ்பேட்.

அங்கே ஆறும் கிடையாது, ஓடையும் கிடையாது. மழை பொய்த்தால் பாறைக்கு அடியில் உள்ள குகைகளில் ஊறும் தண்ணீர்தான் கதி. பங்கபங்கா என்று அவற்றைச் சொல்வார்கள். பெண்கள் மட்டும்தான் உள்ளே இறங்கலாம். இருட்டில், சில இடங்களில் தவழ்ந்து போய், தேங்காய்ச் சிரட்டையில் மொண்டு நிரப்பிக்கொண்டு வருவார்கள். எந்தக் குகைக்கு எந்த வழி, எங்கே குனிய வேண்டும் என்பதைத் தாய் மகளுக்குச் சொல்லிக் கொடுத்த ஊர் அது.

1899இல் சிட்னியில் ஒரு வணிக நிறுவனத்தின் அலுவலகத்தில், கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க ஒரு கல்லை முட்டுக் கொடுத்து வைத்திருந்தார்கள். பக்கத்துத் தீவான நவ்ருவிலிருந்து யாரோ கொண்டுவந்தது. கல்லாகிப்போன மரம் என்று நினைத்திருந்தார்கள். ஆல்பர்ட் எல்லிஸ் என்ற ஊழியருக்குச் சந்தேகம் வந்து சோதித்துப் பார்த்தால், உயர்ந்த ரக பாஸ்பேட். நவ்ருவில் இருந்தால் அதே மாதிரி அமைந்த பனாபாவிலும் இருக்கும் என்று கணக்குப் போட்டு, 1900 மே 3ஆம் தேதி அங்கே போய் இறங்கினார். ஆண்டுக்கு 50 பவுண்டு, அல்லது அந்த மதிப்புக்குச் சாமான்கள். அதற்கு ஈடாக 999 ஆண்டுகளுக்குத் தீவின் பாஸ்பேட் முழுவதும். அரசர் என்று ஒருவரைச் சொல்லிக் கையெழுத்து வாங்கினார்கள். பனாபாவில் அரசரே கிடையாது. ஒவ்வொரு காணிக்கும் ஒவ்வொரு சொந்தக்காரர்.

அதிலிருந்து 1979 வரை வெட்டினார்கள். 1920 முதல் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்று அரசுகளும் சேர்ந்து அமைத்த ஆணையமே நேரடியாக நடத்தியது. ஆஸ்திரேலியாவின் கோதுமை வயலும் நியூசிலாந்தின் மேய்ச்சல் நிலமும் செழித்ததில் இந்தப் பாறைக்குப் பெரும் பங்கு உண்டு. 1913 ஒப்பந்தத்தில், வெட்டி முடித்த இடங்களில் தென்னையும் மற்ற உணவு மரங்களும் நட்டுத் தருவதாக எழுதிக் கொடுத்திருந்தார்கள். எதில் நடுவது? மண்ணைத்தானே கப்பலில் ஏற்றினார்கள். இனிமேல் நிலம் தரமாட்டோம் என்று மக்கள் மறுத்தபோது, 1928இல் சட்டம் போட்டு எடுத்துக்கொண்டார்கள்.

போர் வந்தது. 1942 ஆகஸ்டில் ஜப்பானியர் தீவைப் பிடித்து, மக்களை நவ்ரு, தராவா, கோஸ்ரே என்று பிரித்து அனுப்பினார்கள். வேலைக்காக நிறுத்திவைத்த சுமார் 150 பேரை, ஜப்பான் சரணடைந்த பிறகு சுட்டுக் கொன்றார்கள். தப்பியவர் ஒரே ஒருவர். போர் முடிந்ததும் சிதறிக் கிடந்தவர்களைத் திரட்டிய பிரிட்டிஷ் அதிகாரிகள், ஊரில் வீடே மிச்சமில்லை என்று சொல்லி அவர்களைக் கப்பலேற்றி, 2,000 கிலோமீட்டருக்கு மேல் தெற்கே ஃபிஜியைச் சேர்ந்த ராபி தீவில் 1945 டிசம்பர் 15 அன்று இறக்கினார்கள். 703 பனாபா மக்கள், கூடவே 300 கில்பர்ட் தீவுக்காரர்கள். புயல் மாதம், தங்கக் கூடாரம். வருடம் முழுவதும் வெயில் காயும் தீவிலிருந்து வந்தவர்களுக்கு அந்த மழையும் குளிரும் புதிது. அவர்கள் அங்கே நனைந்துகொண்டிருக்க, பனாபாவில் சுரங்க வேலை மறுபடி தொடங்கியது.

ராபியை வாங்கிய பணம் யாருடையது தெரியுமா? பனாபா மக்களுடையதுதான். அவர்களுக்குச் சேர வேண்டிய பாஸ்பேட் பங்குத் தொகையிலிருந்து 1942இலேயே எடுத்து வாங்கியிருந்தார்கள்.

அவர்கள் சும்மா இருந்துவிடவில்லை. எழுபதுகளில் லண்டன் நீதிமன்றத்துக்குப் போனார்கள். விசாரணை 200 நாளுக்கு மேல் நடந்தது; நீதிபதி மெகாரி தீவுக்கே போய்ப் பார்த்துவிட்டு வந்தார். 1976இல் வந்த தீர்ப்பில், மரம் நடும் வாக்கை மீறியதற்குக் கிடைத்தது மிகச் சிறிய தொகை. பாஸ்பேட் பங்குத் தொகையில் அரசு தங்கள் நலனைக் காக்கவில்லை என்ற பெரிய கோரிக்கை சட்டப்படி நிற்காது என்றார் அவர். ஆனாலும் நடந்தது முறையல்ல என்பதை அரசின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். அடுத்த ஆண்டு மூன்று அரசுகளும் ஒரு கோடி ஆஸ்திரேலிய டாலர் தர முன்வந்தன. சுமார் 2 கோடி டன் பாறை போன இடத்துக்கு அது.

தீவுகளுக்கென்று கிடைத்த பாஸ்பேட் பணத்தில் பெரும்பகுதி, பனாபாவும் கில்பர்ட் தீவுகளும் சேர்ந்திருந்த பிரிட்டிஷ் காலனியின் நிர்வாகச் செலவுக்கே போனது. இன்று கிரிபாஸ் அரசு பெரிதும் நம்பியிருக்கும் சேமிப்பு நிதியும் 1956இல் அந்த வருமானத்தில் தொடங்கியதுதான். ஒரு சின்னத் தீவு தன்னையே கொடுத்து ஒரு நாட்டையே தாங்கியிருக்கிறது. கிரிபாஸ் அரசியல் சட்டம் பனாபா மக்களின் நில உரிமைக்கு தனி அத்தியாயம் வைத்து, நாடாளுமன்றத்தில் இடமும் கொடுத்திருப்பதை நான் நன்றிக்கடனாகவே பார்க்கிறேன்.

கிரிபாஸ் அரசு 2014இல் ஃபிஜியின் வனுவா லெவு தீவில் நிலம் வாங்கியதைக் கட்டுரையாளர் குறிப்பிட்டு, உலகில் இப்படி நடப்பது முதல் முறை என்ற தொனியில் எழுதியிருக்கிறார். வனுவா லெவுவின் கரைக்குப் பக்கத்தில்தான் ராபி இருக்கிறது. எழுபது வருடத்துக்கு முன்பே அதே கடலில், அதே நாட்டு மக்களின் காசில் ஒரு தீவு வாங்கப்பட்டு, குடும்பம் குடும்பமாக இறக்கிவிடப்பட்டார்கள். அன்றைக்குக் கடல் ஏறவில்லை. இன்றைக்குக் கடல் ஏறும்போது ஒதுங்குவதற்கு அந்த நாட்டுக்கென்று இருந்த ஒரே மேட்டு நிலம் அப்படித்தான் போனது. எனக்கு மிகவும் வலிப்பது இதுதான்.

ஆகவே, உயரம் பற்றிய அந்த வரிக்கு அடுத்த இதழில் ஒரு திருத்தம் போட வேண்டுகிறேன். டிசம்பர் 15ஐ ராபியில் ஒவ்வொரு ஆண்டும் நினைவு நாளாக அனுசரிக்கிறார்கள், ஆடிப் பாடித் தங்கள் கதையைத் தாங்களே சொல்லிக்கொள்கிறார்கள். அந்த வாரத்து இதழில் பனாபாவுக்கு இரண்டு பக்கம் ஒதுக்குங்கள். படம் போடுவதாக இருந்தால் தண்ணீரில் நிற்கும் தென்னை வேண்டாம், அதை இந்தக் கட்டுரையிலேயே பார்த்துவிட்டோம். பாஸ்பேட்டைச் சுரண்டி எடுத்த பிறகு இடுக்கு இடுக்காக நிற்கும் சுண்ணாம்புப் பாறைகளின் படத்தைப் போடுங்கள்.

அன்புடன்,
நெடுநாள் வாசகன்,
மன்னார்குடி