உத்தரவு நகலில் சீல் வாங்கினீர்களா?

ஆசிரியர் அவர்களுக்கு,

குளத்து ஆக்கிரமிப்பு, பட்டா மாறுதல், ஓய்வூதிய நிலுவை என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போய் ரிட் உத்தரவு (அரசு அதிகாரிக்கு உயர் நீதிமன்றம் இடும் கட்டளை) வாங்குவோர் குமரி மாவட்டத்தில் ஏராளம். உத்தரவு வந்தும் கோப்பு நகராவிட்டால் அடுத்த பேச்சு, ‘கன்டெம்ப்ட் போட்டுவிடுவோம்’, அதாவது நீதிமன்ற அவமதிப்பு மனு. அந்த மனு நிற்காமல் போவதற்குப் பல நேரம் அதிகாரியின் சாமர்த்தியம் காரணமல்ல. மனுதாரர் கையில் ஒரு சீல் இல்லாததுதான்.

உத்தரவின் கடைசிப் பத்தியைப் பாருங்கள். ‘இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள்’ என்றுதான் பெரும்பாலும் இருக்கும். நகல் போய்ச் சேர்ந்ததைக் காட்ட முடியாவிட்டால் கெடு தொடங்கியதையே காட்ட முடியாது. நகலை முகப்புக் கடிதத்தோடு தாலுகா அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, நம்மிடம் இருக்கும் பிரதியில் தேதியோடு சீல் வாங்க வேண்டும். வாங்க மறுத்தால் ஸ்பீடு போஸ்ட். ரசீதும் சேர்ந்ததற்கான சான்றும் பத்திரம். மார்ச் 2-ல் சீல் விழுந்தால் 84-ஆம் நாள் மே 25. அதற்கு மறுநாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு தாக்கலாக வேண்டும். 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு அப்படி. ‘இன்று செய்கிறோம், நாளை செய்கிறோம்’ என்ற வாய்ப்பேச்சை நம்பி இந்த ஓராண்டைக் கோட்டை விடுபவர்கள் உண்டு. இடையில் தாசில்தார் மாறினால் புதியவருக்கும் ஒரு நகல் கொடுக்க வேண்டும். அவமதிப்பு மனு பதவியின் மீதல்ல, ஆளின் மீது; பெயர் வேண்டும்.

இன்னொரு குழப்பம். ‘மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்கவும்’ என்பது ‘பட்டா கொடு’ என்பதாகாது. அதிகாரி பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவு நிறைவேறியதாகவே கொள்ளப்படும். அந்த நிராகரிப்பை எதிர்த்துப் புதிய ரிட் மனுதான் போட வேண்டும்.

கையாலை (எல்லைச் சுவர்) தகராறு, வழித் தகராறுக்கு மதுரைக்கு ஓட வேண்டியதில்லை. இரணியலிலோ குழித்துறையிலோ உரிமையியல் நீதிமன்றம் கொடுத்த இடைக்காலத் தடையை மீறி ஒருவர் கையாலையை இடித்தால், அதே நீதிமன்றத்தில் உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39 விதி 2ஏ-யின் கீழ் மனு போடலாம். சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை என்று அதற்கும் பல் இருக்கிறது. இடிந்த கல்லை அள்ளிப் போவதற்குள் தேதி தெரியும்படி போட்டோ எடுத்து, இடத்தை நேரில் பார்த்து நீதிமன்றத்துக்கு அறிக்கை தர வழக்கறிஞர் ஆணையர் நியமிக்கக் கேட்பது நல்லது. இறுதித் தீர்ப்புக்குப் பிறகு மீறினால் கட்டளை 21 விதி 32-இல் நிறைவேற்று மனு.

அதிகாரிகளுக்கும் ஒன்று. மேல்முறையீடு தாக்கல் செய்துவிட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடையாணை கையில் இருக்க வேண்டும். கெடுவுக்குள் முடியாதென்றால், கெடு முடியும் முன்பே அவகாசம் கேட்டு மனு போட வேண்டும். அவமதிப்புக்கு உச்சத் தண்டனை 6 மாத வெறுங்காவல், ரூ.2,000 அபராதம், அல்லது இரண்டும். அபராதம் சிறுதொகைதான், ஆனால் வேலையைப் போட்டுவிட்டு மதுரையில் போய் நிற்கும் நாள்களுக்கு யார் கணக்கு?

கல்குளம், விளவங்கோடு என எல்லா தாலுகா அலுவலகங்களின் தபால் பிரிவிலும் நீதிமன்ற உத்தரவுகளுக்குத் தனிப் பதிவேடு வைத்து, அதில் ‘கெடு முடியும் நாள்’ என்று ஒரு கட்டம் போட மாவட்ட நிர்வாகம் உத்தரவிட வேண்டும்.

- வழக்கறிஞர் ஒருவர், தக்கலை