காலமை 9 மணியும் இரவு 7 மணியும்

தொலைக்கல்வி நடத்துற பல்கலைக்கழகங்கள்ல டைம்டேபிள் போடுற, எக்ஸாம் சென்டர் தீர்மானிக்கிற சேர்மார், மிஸ்மார் எல்லாருக்கும் வணக்கம்.

நான் திருகோணமலை உப்புவெளியில இருந்து எழுதுறன். பாலர் பாடசாலை ஒண்டில படிப்பிக்கிறன், ரெண்டு பிள்ளையள், மூத்தவன் ஆறாம் ஆண்டு, சின்னவளுக்கு வாற மாசம் மூண்டு வயசு. தொலைக்கல்விக்கு 2021இல பதிஞ்சு இன்னும் முடிக்கேல்ல. எந்தப் பல்கலைக்கழகம் எண்டு எழுதேல்ல. மாக்ஸ் போடுற கை உங்கட கை எண்ட பயம் இருக்கு, ஏன் பொய் சொல்லுவான். ஆனா அது மட்டும் இல்ல, 1980இல திறந்த பல்கலைக்கழகம் வந்த காலம் மாதிரி ஒண்டு ரெண்டு இடமில்ல இப்ப, வெளிவாரி, ஒன்லைன், டிப்ளோமா எண்டு கன இடம் நடத்துது, எங்க படிக்கிற பெண்டுகளைக் கேட்டாலும் கதை ஒண்டுதான், ஒரு பேரைப் போட்டா மற்ற எல்லாரும் "அது நாங்கள் இல்ல" எண்டு போயிடுவினம்.

எக்ஸாம் கொழும்பில, காலமை 9 மணி. நீங்கள் பேப்பரில போடேக்க அது ஒரு நம்பர். இஞ்ச இருந்து கொழும்பு 260 கிலோமீற்றர் அளவில, அப்ப என்ர 9 மணி முதல் நாள் பின்னேரமே துவங்கிடும், சோறு கறி சமைச்சு, பிள்ளையின்ர மருந்தை எந்தக் கரண்டியால குடுக்கிறதெண்டு அம்மாட்ட மூண்டு தரம் சொல்லி, இரவு பஸ் ஏறினா விடிய நாலரைக்கு புறக்கோட்டையில இறக்கி விட்டிடுவான். நாலரையில இருந்து ஒன்பது மட்டும் ஒரு பொம்பிளை எங்க இருக்கிறது? லொட்ஜுக்குப் போனா "தனியவோ வந்தனீங்கள்" எண்டு ஒரு பார்வை. நான் கோட்டை ஸ்டேஷனில பாக்கை மடியில வச்சுக்கொண்டு இருந்தனான், டொய்லெட்டில முகம் கழுவி, சட்டை மாத்தி, எக்ஸாமுக்குப் போனனான்.

அப்ப சின்னவளுக்கு ஏழு மாசம். ரெண்டாவது கேள்வி எழுதிக்கொண்டிருக்கேக்க பால் கட்டத் துவங்கிட்டுது, நெஞ்சு கல்லு மாதிரி. உள்ளுக்கு லேஞ்சி ரெண்டை மடிச்சு வச்சுத்தான் போனனான், அதுவும் நனைஞ்சு வெளியில தெரிஞ்சுது, சால்வையை இழுத்து முன்னால போட்டுக்கொண்டு எழுதினன். சுப்பவைசர் மிஸ் கண்டிட்டா. ஒண்டும் கேக்கேல்ல, ஆளைக் கூப்பிட்டு டொய்லெட்டுக்கு அனுப்பினவ. திரும்பி வரேக்க பதினைஞ்சு நிமிசம் போயிட்டுது, அந்த நேரத்தைக் கூட்டித் தர அவவுக்கு அதிகாரம் இல்ல, நானும் கேக்கேல்ல. அந்தப் பாடம் ரெண்டு மாக்ஸால போனது.

அதுதான் முதல் தரம் எண்டு நினைக்காதேங்கோ, கணக்குப்படி அது என்ர ரெண்டாவது ஷை, எக்ஸாம் எழுதக் கிடைக்கிற தடவையைத்தான் ஷை எண்டுறது. முதல் ஷை எழுதவே இல்ல, பிள்ளை பிறந்து இருவது நாள். ஒத்திப்போட ஏலுமோ எண்டு போன் எடுத்தனான், வருத்தமெண்டா மெடிக்கல் குடுங்கோ, பிள்ளைப்பேறு வருத்தம் இல்லையே எண்டு ஒருத்தர் நல்ல தன்மையாத்தான் சொன்னவர். இந்த நாட்டுச் சட்டத்தில வேலைக்குப் போற பொம்பிளைக்குப் பிள்ளைப்பேற்று லீவு 84 நாள் இருக்கு. படிக்கிற பொம்பிளைக்கு மட்டும் ஒரு ஷை வெட்டு.

நீங்களே கல்வி வரலாறு பாடத்தில படிப்பிச்ச ஒண்டை இப்ப உங்களுக்கே சொல்லப்போறன், கோவிக்காதேங்கோ. லண்டன் பல்கலைக்கழகம் 1858இலயே வெளிவாரிக்கு ஆள் எடுத்தது, 1878இல பொம்பிளையளுக்கும் டிகிரி தரத் துவங்கினது. கொழும்பில 1921இல யூனிவர்சிட்டி கொலிஜ் வந்து 1942இல இலங்கைப் பல்கலைக்கழகம் ஆகும் மட்டும் அங்க படிச்சவை எழுதினது லண்டன் எக்ஸாம்தான். எங்க இருந்து எழுதினவை? கொழும்பில இருந்து. கப்பல் காலத்தில லண்டனுக்கு ஏலுமாயிருந்த ஒண்டு, இப்ப கொழும்பில இருந்து ஹபரணைக்குள்ளால இஞ்ச ஒரு வான் அனுப்ப உங்களுக்கு ஏலாமப் போனது எப்பிடி? சரி லண்டனை விடுங்கோ, ஏஎல் எக்ஸாமுக்கு மூதூர்ப் பிள்ளை மூதூரிலயும் கிண்ணியாப் பிள்ளை கிண்ணியாவிலயும் எழுதுது, வினாத்தாள் காவலோட வருது, காவலோட போகுது. அந்தப் பதினெட்டு வயசுப் பிள்ளையை விட, கைக்குழந்தை வச்சிருக்கிற எங்களுக்கு பஸ் ஏற லேசு எண்டு ஆரும் நினைச்சிட்டினமோ தெரியாது.

இனி இரவு 7 மணி.

சூம் கிளாஸ் எல்லாம் 7 மணிக்குத்தான், வேலைக்குப் போறவைக்கு வசதியா இருக்கட்டும் எண்டு போட்டதாம். வேலைக்குப் போற ஆம்பிளை 7 மணிக்குக் கால் கழுவிப்போட்டுக் கதிரையில இருப்பார், சரி. எங்கட வீட்டில அந்த நேரம் புட்டு அவியுது. போனை சீனிப் போத்தலில சாத்தி வச்சிட்டு, ஒரு காதில மட்டும் இயர்போன், மற்றக் காது பிள்ளைக்கு, தேங்காய் திருவிற சத்தம் கேக்குமெண்டு மியூட், அப்ப பார்த்துத்தான் லெக்சரர் பேர் சொல்லிக் கேள்வி கேப்பார், அன்மியூட் பண்ணக் கையில மா. "கமராவை ஒன் பண்ணுங்கோ, இல்லாட்டி அட்டெண்டன்ஸ் இல்ல." சேர், கமராவைப் போட்டா உங்களுக்குத் தெரியிறது நானில்ல, என்ர அடுப்படி. பின்னால மாமனார் சாரத்தோட தண்ணி எடுக்க வருவார்.

ரெக்கோர்டிங் போட்டா பிள்ளையள் படுத்த பிறகு பத்தரைக்கு ஆறுதலாப் பாக்கலாம். கேட்டா, போட்டா ஒருத்தரும் கிளாஸுக்கு வரமாட்டினம் எண்டு மறுமொழி. ஆனா 2022 ஞாபகம் இருக்கோ, மார்ச் கடைசியில ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் இல்லாமக் கிடந்ததே, அப்ப எல்லாக் கிளாஸும் ரெக்கோர்டிங் வந்தது, எல்எம்எஸ் எண்டுற ஒன்லைன் பாடத் தளத்தில வடிவா தலைப்புப் போட்டு. ஏனெண்டா அப்ப லெக்சரர்மாருக்கும் கரண்ட் இல்ல. நான் நல்ல மாக்ஸ் எடுத்தது அந்த வருசம்தான், நாடே இருட்டுக்க இருந்த வருசம். சிரிப்பு வருது.

என்னோட சேர்ந்து பதிஞ்ச கிண்ணியாத் தங்கச்சி ஒராள், எங்கட பட்ச்சில அசைன்மன்ட் எல்லாம் முதல் ஆளா அனுப்பிறவ. அவட உம்மாவின்ர காலத்தில டவுணுக்கு வாறதெண்டா பாதை எண்டுற மிதவையில ஏறித்தான் தண்ணியக் கடக்கோணும், பாலம் வந்தது 2009இல, 396 மீற்றர், மகள் பாலத்தால பஸ்ஸில போய்ப் படிப்பாள் எண்டு உம்மாவுக்குப் பெரிய புளுகம். போன வருசம் ரெண்டு நாள் கட்டாயச் செய்முறை வேற மாவட்டத்தில எண்டு போட்டீங்கள், கடிதம் வந்தது எட்டு நாளைக்கு முதல். மாப்பிள்ளை கட்டாரில, இரவு தங்கக் கூடப் போக ஆளில்ல. அவ நிப்பாட்டிப்போட்டா. உங்கட கணக்கில "இடைவிலகல்" எண்டு விழுந்திருக்கும், காரணம் போட அந்த போமில கட்டமே இல்ல. பீஸ் கட்ட அடகு வச்ச காப்பு இன்னும் மீட்கேல்ல எண்டு போன கிழமையும் சொன்னவ.

எனக்கு அடுத்த எக்ஸாம் மாசி மாசமாம், திகதி இன்னும் வரேல்ல. இந்த முறையாவது திருகோணமலையையும் சென்டரா போடுங்கோ, திகதியை ரெண்டு மாசம் முதல் சொல்லுங்கோ. மண்டபம் எடுக்கிறது கஷ்டமெண்டு மட்டும் சொல்லிப்போடாதேங்கோ. சனி ஞாயிறில பூட்டிக் கிடக்கிற பள்ளிக்கூட ஹோல் இஞ்ச எது எதெண்டு நாங்களே லிஸ்ட் எடுத்து அனுப்புறம், அதிபர்மாரோட கதைக்கிறதும் எங்கட பொறுப்பு, கதிரை மேசை அடுக்க, கூட்டி அள்ள எல்லாம் ஆள் இருக்கு. வினாத்தாளை மட்டும் நீங்கள் கொண்டு வாங்கோ.

இப்படிக்கு,
உப்புவெளியில இருந்து, மூண்டாம் ஷைக்குக் காத்திருக்கிற ஒருத்தி